யவனப் பச்சடி!

"மாமா... சாட்சிக்கி சரியா வரலை. ரெண்டு தடவை பாத்தாச்சு. நீங்க உடனே கிளம்பி வாங்க!"

2025 மே மாதம், காலை ஆறரை மணி. போனில் அக்கா மகன். அந்த நேரத்தில் எனக்குக் கண்ணே சரியாகத் திறக்காது, காது எங்கே திறக்கப் போகிறது? 'சாட்சிக்கு யாரும் சரியா வரலை' என்று விழுந்தது. பகீரென்றது.

"என்னடா கேஸு? வரப்புத் தகராறா?"

"கேஸெல்லாம் இல்ல மாமா. ஸாட்-ஸி-கி! தயிர்ல பண்றது. வெள்ளையா, ஸாஸு மாதிரி..."

"அதுக்கு ஏண்டா என்னைக் கூப்பிடறே? நான் பி.காம்.டா!"

"நீங்கதானே மாமா நம்ம வீட்ல படிச்சவரு!"

இதற்கு என்ன பதில் சொல்வது? பட்டப் படிப்பு படித்த ஒரே குற்றத்துக்காக ரேஷன் கார்டில் பெயர் சேர்ப்பதிலிருந்து மோட்டார் ரிப்பேர் வரை எல்லாம் என் தலையில்தான் விடியும். பத்திரிகைகளுக்கு எழுதிப் பிழைக்கிறவன் வேறு. சும்மா இருக்கிறவன் என்று அதற்குப் பொருள். "ஒரு பாட்டில் ஆலிவ் ஆயிலும் வாங்கிட்டு வாங்க மாமா" என்று கூடுதலாக ஒரு உத்தரவு போட்டுவிட்டுப் போனை வைத்துவிட்டான் மாப்பிள்ளை.

திருச்சியில் பஸ் ஏறினால் ஒன்றரை மணி நேரத்தில் புதுக்கோட்டை. கீரனூர் தாண்டியதும் நார்த்தாமலைக் குன்றுகள் மொட்டை மொட்டையாக வந்து ஜன்னலில் எட்டிப் பார்க்கும். மே மாத வெயிலில் அந்தப் பாறைகளைப் பார்த்தால் தோசைக் கல் ஞாபகம்தான் வருகிறது. எண்ணெய் தடவ வேண்டியதுதான் பாக்கி.

பஸ் போய்ச் சேருவதற்குள் விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். எங்கள் ஊர் புதுக்கோட்டைக்குக் கிழக்கே, ஆலங்குடி, வடகாடு தாண்டிக் கறம்பக்குடி போகிற பக்கம். மாவட்டத்தின் மேற்கே ஒரு குடம் தண்ணீருக்கு அலைவார்கள். எங்கள் பக்கம் அப்படியில்லை. செம்மண், ஆழ்குழாய்க் கிணறு, தென்னை, பலா, வாழை, கீரமங்கலம் சந்தைக்குப் போகிற பூ என்று பச்சைப் பசேலென்று இருந்த இடம். 'இருந்த' என்கிறேன், கவனியுங்கள். 2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் வேதாரண்யத்தில் கரை ஏறி எங்கள் தலைமேல் நடந்து போனது. விடிந்து பார்த்தால் அத்தானின் தென்னந்தோப்பில் நின்ற மரங்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். ஐம்பது வருஷப் பலா மரமெல்லாம் வேரோடு மல்லாந்து கிடந்தது. தென்னங்கன்று வைத்தால் காய் பார்க்க ஆறேழு வருஷம் ஆகும். அதுவரை?

அதுவரை, மாடு இருந்தது. பிறகு மாப்பிள்ளை இருந்தான். புயல் வந்தபோது அவனுக்குப் பதினேழு வயசு. கேட்டரிங் படித்துவிட்டு 2021 கடைசியில் துபாய்க்கு விமானம் ஏறினான். அங்கே ஒரு கிரேக்கச் சாப்பாட்டுக் கடையில் மூன்று வருஷம். முதல் வருஷம் வெங்காயம் உரித்தான், இரண்டாவது வருஷம் கறி சீவினான், மூன்றாவது வருஷம் சுருட்டினான். (ரொட்டியை ஐயா, ரொட்டியை!) 2025 ஜனவரியில் ஊருக்கு வந்து, "இனிமே போகலை. புதுக்கோட்டையில வண்டிக் கடை போடறேன்" என்று உட்கார்ந்துவிட்டான். கோழிக்கறி சுற்றுகிற மெஷின், தள்ளுவண்டி, கேஸ் அடுப்பு, ஐஸ் பெட்டி எல்லாவற்றுக்கும் அவன் கொண்டுவந்த பணம் பற்றவில்லை. அக்கா கழுத்துச் சங்கிலியைக் கழற்றி அடகு வைத்தாள். ஐந்து பவுன். அடகுச் சீட்டு எந்த டப்பாவில் இருக்கிறது என்று அக்காவுக்கும் எனக்கும் மட்டும் தெரியும்.

ஷவர்மா போடுவதாகத்தான் முதலில் திட்டம். ஷவர்மா என்றால் உள்ளே வெள்ளையாக வழியுமே, மயோனைஸ், அது வேண்டும். பச்சை முட்டையும் எண்ணெயும் சேர்த்து அடிப்பது. வேகவைப்பது கிடையாது. நம்ம ஊர் வெயிலில் அதை இரண்டு மணி நேரம் வெளியே வைத்தால் ஸால்மோனெல்லா கிருமிக்குக் கல்யாண விருந்து. 2023 செப்டம்பரில் நாமக்கல்லில் ஷவர்மா சாப்பிட்ட பதினான்கு வயசுப் பெண் இறந்துபோனதை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். 2025 ஏப்ரல் 8 முதல் ஓராண்டுக்கு, பச்சை முட்டையில் மயோனைஸ் தயாரிக்க, சேமித்து வைக்க, விற்க என்று எல்லாவற்றுக்கும் தமிழக அரசு தடை போட்டது. மாப்பிள்ளை மெஷினுக்கு முன்பணம் கொடுத்த சூடு ஆறவில்லை!

"முட்டையில்லாத மயோனைஸ் பாக்கெட்ல விக்குதே?" என்று அப்போதே போனில் கேட்டேன்.

"அதை எல்லாரும்தான் மாமா ஊத்தறாங்க. நான் எதுக்குத் துபாய் போயிட்டு வந்தேன்? அங்க நாங்க மயோனைஸே தொட்டதில்ல. தயிர்தான்."

நியாயம்தானே? ஷவர்மாவின் கிரேக்க அண்ணன் பெயர் 'யீரோ'. ஆங்கிலத்தில் எழுதி 'கைரோ' என்று படிப்பவர்களும் உண்டு. துருக்கியில் 'டோனர்'. யீரோ, டோனர், ஷவர்மா மூன்றுக்குமே அர்த்தம் ஒன்றுதான்: சுற்றுவது. கம்பியில் கறியைக் குத்திச் சுற்றவிட்டுச் சீவுவது துருக்கி வித்தை. 1922-க்குப் பிறகு சின்ன ஆசியாவிலிருந்து அகதிகளாக ஓடிவந்த கிரேக்கர்கள் அதைக் கிரீஸுக்குக் கொண்டுபோனார்கள் என்பார்கள். அங்கே அதற்குத் துணையாக நிற்பதுதான் இந்த ஸாட்ஸிகி. கெட்டித் தயிர், வெள்ளரிக்காய், பூண்டு, ஆலிவ் எண்ணெய், கொஞ்சம் புளிப்பு. அவ்வளவுதான். இதன் பெயரும் துருக்கிக்காரர்களின் 'ஜாஜிக்' என்பதிலிருந்து வந்தது. ஆக எல்லாமே இரவல். நம்ம சாம்பார் மட்டும் என்னவாம்!

புதுக்கோட்டை வந்துவிட்டது. நேர்க்கோடு போட்ட மாதிரி வீதிகள் உள்ள ஊர். வெளிநாட்டு சமாசாரம் இந்த ஊருக்குப் புதிதும் அல்ல. 1915-லேயே மகாராஜா மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் ஆஸ்திரேலியாவில் மாலி ஃபிங்க் என்ற பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டார். பிரிட்டிஷ் சர்க்கார் அவரை ராணி என்று ஒப்புக்கொள்ளவே இல்லை. மகாராஜாவும் சீமையிலேயே தங்கி 1928-ல் பாரிஸில் காலமானார். மாலி ஃபிங்க்குக்கு நம்ம ஊர்த் தயிர் பிடித்ததா என்று ஒரு புண்ணியவானும் எழுதி வைக்கவில்லை. முக்கியமான விஷயத்தை எழுதாமல் விடுவதுதானே சரித்திரம்!

பஸ் ஸ்டாண்டில் மாப்பிள்ளை மொபெட்டோடு நின்றான். முகத்தில் களையே இல்லை. "மூணு நாள்ல கடை திறப்பு மாமா. நோட்டீஸ் அடிச்சாச்சு" என்றான். ஆலங்குடி தாண்டி, தைலமரக் காடும் முந்திரித் தோப்பும் மாறி மாறி வர, வடகாட்டில் சாலையோரம் பலாப்பழம் குவித்து வைத்திருந்தார்கள். புயலுக்குத் தப்பிய மரங்களின் பழம். பத்து சுளை வாங்கிக் கொண்டோம். துக்கத்திலும் பலாச்சுளைக்கு ஒரு மரியாதை உண்டு.

வீட்டில் அக்கா சோதனைக்காக ஒரு ரோல் சுருட்டி வைத்திருந்தாள். கையில் எடுத்தேன். ஒரு கடி கடித்தேன். முழங்கை வழியாக மோர் வழிந்து பனியனுக்குள் போனது!

"இது ரோல் இல்லடா, நீர்மோர்ப் பந்தல்" என்றேன்.

"அதான் மாமா சொன்னேன். முதல் தடவை இப்படித் தண்ணி விட்டுச்சு. சரின்னு ரெண்டாவது தடவை துணியில கட்டி ராத்திரி பூரா தொங்க விட்டேன். கெட்டியா வந்துச்சு. ஆனா..."

இரண்டாவது கிண்ணத்தை நீட்டினான். விரலால் தொட்டு நாக்கில் வைத்தேன். கண், காது, மூக்கு எல்லாம் ஒரு சுற்று சுற்றி வந்து பழைய இடத்தில் நின்றன. அப்படி ஒரு புளிப்பு. புளிப்பு என்றால் நல்ல புளிப்பு இல்லை, ஊசிப்போன வாடை.

"புளிப்பு வேணும் மாமா. ஆனா புளிச்ச வாடை வரக்கூடாது."

"ஏண்டா, சத்தம் போடணும் ஆனா காதுல விழக்கூடாதுங்கற மாதிரி பேசறே?"

அம்மா திண்ணையில் உட்கார்ந்து முருங்கைக் கீரை உருவிக்கொண்டிருந்தாள். இந்தக் களேபரத்தில் அவளை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அறுபது வருஷமாகத் தினம் பாலுக்கு உறை ஊற்றுகிறவள்! எனக்கே அப்போது தோன்றவில்லை என்பதை வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறேன். நானும் மாப்பிள்ளையும் ஒரு நோட்டுப் புத்தகத்தை வைத்துக்கொண்டு வெள்ளரிக்காய்க்கு எத்தனை பங்கு தயிர் என்று வரவு செலவு எழுதிக்கொண்டிருந்தோம்.

"அது என்னடா அப்பு, சாட்சிங்கிறீங்க?" என்று அவளாகவே கேட்டாள்.

மாப்பிள்ளை விளக்கினான். தயிர், வெள்ளரிக்காய், பூண்டு, உப்பு.

"தயிர்ப் பச்சடின்னு சொல்லித் தொலைங்களேன்!"

"இல்ல அம்மாச்சி, இது கெட்டியா இருக்கும். குப்புறக் கவுத்தாலும் விழக்கூடாது."

"தயிரு எங்க வாங்குன?"

"கடையில. பாக்கெட்."

அம்மா கீரையைக் கீழே வைத்துவிட்டு அவனை ஒரு பார்வை பார்த்தாள். கொட்டகையில் இரண்டு மாடு கட்டியிருக்கிற வீட்டில் பாக்கெட் தயிர்! அதற்கப்புறம் அன்று ராத்திரிவரை அவள் அவனோடு பேசவில்லை.

சாயங்காலம் சாமான் வாங்க நானும் மாப்பிள்ளையும் மொபெட்டில் கிளம்பினோம். கிரேக்கப் பச்சடியில் 'டில்' என்று ஒரு இலை கிள்ளிப் போடுவார்களாம். நம்ம சதகுப்பைதான். கறம்பக்குடியில் ஒரு நாட்டு மருந்துக் கடையில் கேட்டோம். கடைக்காரர் எங்கள் இருவரையும் மேலும் கீழும் பார்த்தார்.

"யாருக்குப் பிரசவம்?"

விதைதான் இருக்கிறது, பிள்ளை பெற்றவளுக்குக் கஷாயம் வைக்கத்தான் வாங்குவார்கள், ரோலில் வைக்க இதுவரை யாரும் கேட்டதில்லை என்றார். ஆலிவ் எண்ணெயும் இப்படித்தானே? நம்ம வீடுகளில் அதற்கு மரியாதை ஏற்பட்டதே மருந்துக் கடையில் வாங்கிக் குழந்தைக்குத் தேய்த்துக் குளிப்பாட்டத்தான். ஆக, கிரேக்கச் சமையலில் பாதி நம்ம ஊரில் பிரசவ அறைக்குள்தான் இருக்கிறது! கடைசியில் ஒரு வழி தெரிந்தது. சைப்ரஸ் தீவில் இதே பச்சடிக்கு 'தலத்தூரி' என்று பெயர், அங்கே புதினாதான் போடுகிறார்கள். புதினாவுக்கு எந்த மளிகைக் கடையிலும் பிரசவம் விசாரிக்க மாட்டார்கள். ஒரு கட்டு வாங்கிக்கொண்டோம்.

திரும்பும் வழியில் கருக்காகுறிச்சிக்குப் போகிற பாதை பிரிகிறது. வண்டியை நிறுத்தச் சொன்னேன். மாப்பிள்ளைக்குத் தெரியாத ஒரு சமாசாரம் எனக்குத் தெரிந்திருந்தது. விட்டுவிடுவேனா?

"இந்த ஊர்ல 1898-ல ஒரு புதையல் கிடைச்சுது தெரியுமா? ஐநூத்தி ஒரு தங்கக் காசு. அத்தனையும் ரோமாபுரிக் காசு."

"நிஜமாவா மாமா!"

நிஜம்தான். அகஸ்டஸ் காலத்திலிருந்து வெஸ்பேஸியன் காலம் வரை அடித்த காசுகள். அதாவது சுமார் 1950 வருஷத்துக்கு முந்தியவை. சில இப்போது லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் இருக்கின்றன. மிளகுக்கும் முத்துக்கும் துணிக்கும் விலையாகக் கடல் தாண்டி வந்த தங்கம். வந்தவர்களை நம்மவர்கள் 'யவனர்' என்றார்கள். 'அயோனியா' என்ற கிரேக்கப் பகுதியின் பெயரிலிருந்து வந்த வார்த்தை. முதலில் கிரேக்கனுக்கு, அப்புறம் ரோமானியனுக்கு, அப்புறம் மேற்கேயிருந்து கப்பலில் வந்த எல்லாருக்குமே அதுதான் பெயர்.

வேடிக்கை என்னவென்றால், அந்தக் காசுகளில் மிகப் பெரும்பாலானவற்றில் ராஜா முகத்தின் மேல் உளியால் ஒரு வெட்டு. ஏன் வெட்டினார்கள் என்று அறிஞர்கள் பல விதமாகச் சொல்கிறார்கள். இனி இது நாணயமாகச் செல்லாது, வெறும் தங்கம் என்று காட்டத்தான் என்பது ஒரு கட்சி. பி.காம். படித்தவனுக்கு இதில் சந்தேகமே கிடையாது. செக்கில் குறுக்கே கோடு போட்டு 'கேன்சல்' என்று எழுதுகிறோமே, அதேதான்! எங்கள் மாவட்டத்தில் ஆடிட்டிங் 1900 வருஷத்துக்கு முன்பே ஆரம்பித்துவிட்டது.

"அப்ப அவங்க இங்க வந்தப்ப இந்தப் பச்சடி தின்னுருப்பாங்களா மாமா?"

"காசு வந்துச்சு. ஆளு இவ்வளவு தூரம் வந்தானான்னு தெரியாது. வந்திருந்தா உன் அம்மாச்சி மாதிரி ஒரு அம்மாச்சி மோர் குடுத்திருப்பா."

கடைத்தெருவில் கேட்டதற்கு அன்று அந்த ஐநூற்றி ஒன்றின் இன்றைய விலை என்ன இருக்கும் என்று மாப்பிள்ளை வீடு வரும்வரை கணக்குப் போட்டுக்கொண்டே வந்தான். ஐந்து பவுனை மீட்க ஒரு காசு போதுமா, இரண்டு வேண்டுமா என்பதுதான் அவன் கணக்கு என்று எனக்குப் புரிந்தது. நான் வாயைத் திறக்கவில்லை.

ராத்திரி அம்மா யாரிடமும் எதுவும் சொல்லாமல் நாலு லிட்டர் பாலை அடுப்பில் ஏற்றினாள். பொங்கியதும் இறக்கவில்லை. தீயைக் குறைத்து, கிண்டிக் கிண்டி, முக்கால் மணி நேரம். பசும்பாலில் நூற்றுக்கு எண்பத்தேழு பங்கு தண்ணீர்தான். அதில் கொஞ்சத்தை அங்கேயே விரட்டிவிட்டாள். பிறகு விரல் பொறுக்கும் சூட்டுக்கு ஆறவைத்து, ஒரே ஒரு கரண்டி உறை. அதிகம் ஊற்றினால் சீக்கிரம் புளிக்குமாம்.

"எப்ப உறையும் அம்மாச்சி?"

"இந்த வேக்காட்டுல அஞ்சு மணி நேரம். விடியக்காத்தால என்னை எழுப்பு."

இங்கே கொஞ்சம் விஞ்ஞானம். கடையில் 'யோகர்ட்' என்று விற்பதற்கும் நம்ம வீட்டுத் தயிருக்கும் வித்தியாசம் உறையில்தான். யோகர்ட்டில் குறிப்பிட்ட இரண்டு கிருமிகள். அதில் ஒன்றை 1905-ல் கண்டுபிடித்தவர் பல்கேரியாவைச் சேர்ந்த ஸ்டாமென் கிரிகோரோவ். அதனால்தான் அதற்கு 'பல்காரிகஸ்' என்று ஊர்ப் பெயர். நாற்பத்திரண்டு, நாற்பத்தைந்து டிகிரி சூட்டில் குஷியாக வேலை செய்யும். நம்ம வீட்டு உறையில் இருப்பது கூட்டுக் குடும்பம். மாமியார், நாத்தனார் எல்லாம் உண்டு. யார் கை ஓங்குகிறதோ அந்த ருசி. சூடு அதிகமானால், நேரம் அதிகமானால், ரகளை! மாப்பிள்ளை கடையில் வாங்கியபோதே புளித்திருந்த தயிரை மே மாத ராத்திரி முழுக்க வெளியே தொங்கவிட்டான். பிறகு வாடை வராமல் என்ன செய்யும்?

விடிகாலை நாலரை. சட்டியைத் திறந்தாள். கத்தி வைத்து வெட்டலாம் போல உறைந்திருந்தது. துளி வாயில் போட்டால் இனிப்பு. புளிப்பே இல்லை.

"புளிக்கலையே அம்மாச்சி?"

"தொங்கும்போது புளிச்சுக்கும்டா. புளிச்சதுக்கப்புறம் தொங்கவிட்டா அது எங்க போய் நிக்கும்?"

இந்த ஒரு வரியைத் துபாய் சமையல்காரர் மூன்று வருஷத்தில் அவனுக்குச் சொல்லித் தரவில்லை. அங்கே தயிர் டப்பாவில் கெட்டியாகவே வந்து இறங்கிவிடும். பாவம், அவரைச் சொல்லியும் குற்றமில்லை.

கட்டுவதற்குத் துணி வேண்டும். மாப்பிள்ளை வாங்கி வந்திருந்த வலைத் துணியில் தயிரும் சேர்ந்து ஒழுகும் என்று அம்மா ஒதுக்கிவிட்டாள். உள்ளே போய்த் தகரப் பெட்டியைத் திறக்கும் சத்தம் கேட்டது. திரும்பி வந்தபோது கையில் அப்பாவின் எட்டு முழ வேட்டி.

நானும் அக்காவும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். அப்பா போய் ஒன்பது வருஷம்.

"நல்ல பருத்தி. சும்மாதானே கெடக்கு" என்று சொல்லிவிட்டுக் கரையைக் கிழித்துத் தனியே வைத்தாள். துணியைக் கொதிக்கும் நீரில் போட்டெடுத்துப் பிழிந்து, நாலாய் மடித்துத் தயிரைக் கொட்டி மூட்டை கட்டினாள். கிணற்றடிக் கொட்டகைக் கழியில் தொங்கவிட்டு அடியில் குண்டான். சொட்டு... சொட்டு... சொட்டு. வெயில் ஏறுவதற்குள், எட்டு மணிக்கெல்லாம் மூட்டையோடு ஃப்ரிட்ஜில் தூக்கி வைத்துவிட்டாள். மிச்சம் அங்கே சொட்டட்டும் என்று.

வடிந்த தண்ணீர் இளம் பச்சை கலந்த மஞ்சளாக இருந்தது. பி2 வைட்டமின் தருகிற நிறம் அது. மாப்பிள்ளை கொட்டப் போனான். அம்மா அதற்கும் ஒரு திட்டு வைத்திருந்தாள். ரொட்டி மாவை அதிலேயே பிசைந்தார்கள். ரொட்டி மெத்தென்று வந்தது என்பதை மட்டும் இங்கே சொல்லிக்கொள்கிறேன்.

அடுத்தது வெள்ளரிக்காய். நூற்றில் தொண்ணூற்றைந்து தண்ணீர். தயிரை இத்தனை பாடுபட்டு வடித்துவிட்டு வெள்ளரிக்காயை அப்படியே துருவிப் போட்டால் எதிரிக்குப் பின்வாசலைத் திறந்துவிட்ட மாதிரி. முதல் தடவை மாப்பிள்ளை செய்தது அதைத்தான். முற்றினதாக இருந்தால் விதையைச் சுரண்டி எறிந்துவிட வேண்டும். தோலோடு துருவி, உப்பைத் தூவி இருபது நிமிஷம் விட்டு, வேட்டியின் மிச்சத் துண்டில் போட்டு ஓங்கிப் பிழிய வேண்டும். பிழிகிற வேலை என்னுடையது. ஒன்றரைக் கிலோ துருவியது பிழிந்த பிறகு முக்கால் கிலோகூடத் தேறவில்லை. இரண்டு நாளைக்குப் பேனா பிடிக்க முடியவில்லை. (எடிட்டர் கவனிக்க!)

பூண்டை உப்போடு சேர்த்து அம்மியில் நசுக்கினோம். பச்சைப் பூண்டுக்கு ஒரு கெட்ட குணம், நேரம் ஆக ஆக அதிகாரம் பண்ணும். காலையில் அளவாகத் தெரிந்தது சாயங்காலம் ஆளையே தூக்கும். ஒரு கிலோ தயிருக்கு நாலு பல் போதும், அதையும் கடை திறப்பதற்கு ஒரு மணி முன்னால் கலந்தால் போதும் என்று முடிவாயிற்று. எண்ணெய் விஷயத்தில் அத்தான் தேசபக்தராகி நல்லெண்ணெய் ஊற்றச் சொன்னார். ஊற்றிப் பார்த்தோம். இட்லிக்குத் தொட்டுக்கொள்ளலாம் போல இருந்தது! நான் சுமந்து வந்த ஆலிவ் எண்ணெய்க்கு அப்போதுதான் மதிப்பு வந்தது. கடைசியில் அரை மூடி எலுமிச்சை, பொடியாக நறுக்கிய புதினா.

மாப்பிள்ளை கிண்ணத்தைக் குப்புறக் கவிழ்த்தான். விழவில்லை. ஒரு விரல் எடுத்து வாயில் வைத்தான். கண்ணை மூடிக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றான்.

"இதான் மாமா... இதேதான்" என்றான். குரல் கம்மியிருந்தது. அக்கா முந்தானையை எடுத்து மூக்கைத் துடைத்துக்கொண்டாள். பூண்டு நெடி என்றாள்.

என் பங்குக்கு அடக்க விலை போட்டேன். பால் 180 ரூபாய், வெள்ளரிக்காய் 60, பூண்டு, புதினா, எலுமிச்சை 30, ஆலிவ் எண்ணெய் 40. மொத்தம் 310. கிடைத்தது 2 கிலோ 600 கிராம். ரோலுக்கு 40 கிராம் என்றால் 65 ரோல். ஒரு ரோலுக்கு ஐந்து ரூபாய்க்குள் ஸாஸ் முடிந்தது. விறகு, வேட்டி, அம்மாவின் நடு ராத்திரி, இதற்கெல்லாம் எந்தத் தலைப்பில் எழுதுவது என்று காலேஜில் சொல்லித் தரவில்லை.

திறப்பு அன்று சாயங்காலம் புதுக்கோட்டையில் வண்டியை நிறுத்தினோம். பக்கத்திலேயே ஒரு முட்டை மாஸ் வண்டி. அவித்த முட்டையைத் துண்டு போட்டு வெங்காயம், சால்னாவோடு புரட்டித் தருவார்களே, புதுக்கோட்டைக்காரர்களின் சாயங்காலப் பிரார்த்தனை. அதற்கு எதிரில் கிரேக்கனாவது, துருக்கியனாவது? எனக்கு வயிற்றைக் கலக்கியது. போதாக்குறைக்குப் போர்டு எழுதியவர் 'சாட்சிக்கி ரோல்' என்றே எழுதிக் கொடுத்துவிட்டார். முதலில் வந்த இரண்டு பேர், "இது வக்கீல் கடையா?" என்று சிரித்துவிட்டுப் போனார்கள்.

மூன்றாவதாக வந்தவர் பெரியவர். பேரனோடு வந்திருந்தார். பேரனுக்கு ரோல். தனக்கு வேண்டாம் என்றவர், பேரன் சாப்பிடுவதையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, அவன் கையிலிருந்ததில் வழிந்த வெள்ளையை விரலால் தொட்டு ருசித்தார்.

"தயிர்ப் பச்சடிதானே தம்பி?"

மாப்பிள்ளை 'ஸாட்ஸிகி' என்று ஆரம்பித்தான். நான் அவன் காலை மிதித்தேன்.

"ஆமாய்யா, பச்சடிதான். வீட்டுத் தயிரு."

"எனக்கும் ஒண்ணு குடு. பச்சடி கொஞ்சம் தாராளமா வை."

போர்டில் அன்றே சுண்ணாம்பைத் தொட்டு 'தயிர்ப் பச்சடி ரோல்' என்று மாற்றி எழுதினேன். பத்து மணிக்குள் நாற்பத்து மூன்று ரோல். எண்பது ரூபாய் வீதம் 3,440. முட்டை மாஸ்காரரே ஒன்று வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, பணம் கொடுத்துவிட்டும் போனார். இது பெரிய மனசு.

முக்கால் கிலோ பச்சடி மிஞ்சியது. "ஐஸ் பெட்டியில வச்சா நாளைக்கு ஆகும்ல?" என்றாள் அக்கா. ஐந்து பவுனைக் கொடுத்தவள் அப்படித்தான் கேட்பாள்.

"கூடாதும்மா. இன்னிக்குப் போட்டது இன்னிக்கோட சரி" என்றான் மாப்பிள்ளை. மயோனைஸ் தடை வந்த அன்று ஆளே ஒடிந்து உட்கார்ந்திருந்தவன், இதை நிமிர்ந்து நின்று சொன்னான். நான் குறுக்கே பேசவில்லை. மிஞ்சியதை நடு ராத்திரி வீட்டுக்குக் கொண்டுபோய்ச் சோற்றில் பிசைந்து நாங்கள் ஐந்து பேரும் சாப்பிட்டோம். தொட்டுக்கொள்ள மாவடு. கிரேக்கத் தயிர்சாதத்துக்கு மாவடு எவ்வளவு பொருத்தம் என்பது ஏதென்ஸ் நகரத்துக்கு இன்னும் தெரியாது.

மறுநாள் காலை திருச்சிக்குக் கிளம்பும்போது அம்மா பக்கத்தில் வந்து, மாப்பிள்ளையின் காதில் விழாமல் கேட்டாள்.

"ஏண்டா தம்பி, அந்த ஊர்ப் பொம்பளைங்களும் வேட்டியிலதான் கட்டித் தொங்க விடுவாங்களா?"

"ஆமாம்மா. அங்கயும் துணிதான்."

"அப்படியா!" என்று கொஞ்ச நேரம் யோசித்தாள். பிறகு, "அவன்கிட்ட சொல்லிரு. இன்னிக்கோட பன்னெண்டு லிட்டர் பால் பாக்கி. பேரனா இருந்தாலும் மாட்டுக்குப் புண்ணாக்கு நான்தானே வாங்கணும்?"

மாப்பிள்ளையின் கணக்கு நோட்டை வாங்கி, கடன் கொடுத்தோர் பக்கத்தில் முதல் வரியாக எழுதினேன்: 'அம்மாச்சி - ரூ.540.' அதற்குக் கீழே, 'அம்மா - ஐந்து பவுன்.'